கக்கத்தில் துண்டு இடுக்கிய பேய்

7

நெய்னா முகம்மதுக்குப் பேயில் நம்பிக்கை கிடையாது. பயம் மட்டும்தான் உண்டு. பயம் வந்தால் அவனுக்கு வாய் தானாகத் திறந்துகொள்ளும், திறந்தால் மூடாது. துப்பறியும் துரைராசுவிடம் உதவியாளாகச் சேர்ந்து நாலு வருஷம் ஆகிறது. இந்த நாலு வருஷத்தில் துரைராசு அவனிடம் அதிகம் சொன்ன வார்த்தை "வாயை மூடுடா நெய்னா" என்பதுதான். மற்றதெல்லாம் அதற்கு அப்புறம்.

அன்றைக்கு ஆடி இருபத்தாறு. காலை பத்து மணி. கும்பகோணம் கடைத்தெருவில் ஹாஜா மைதீனின் கடிகாரக் கடை மாடியில் இரண்டு பேரும் உட்கார்ந்திருந்தார்கள். ஜன்னலையெல்லாம் கறுப்புத் துணி போட்டு அடைத்திருந்தது. வெளியே வெயில் மண்டையைப் பிளக்கிறது, உள்ளே நீட்டின கை தெரியவில்லை. ஹாஜா மைதீன் பகலெல்லாம் கடிகாரம் பழுதுபார்ப்பார், ஓய்ந்த நேரத்தில் 'திரை ரசனைக் கழகம்' என்று ஒன்றை நடத்துவார். இருபத்திரண்டு உறுப்பினர்கள், ஒரு சின்ன ப்ரொஜெக்டர், மாதம் ஒரு படம். படம் யாருக்கும் புரியாவிட்டால் இன்னும் விசேஷம்.

"போன மாசம் இருபத்திரண்டு பேர், இப்ப இருபத்தொண்ணு" என்றார் ஹாஜா மைதீன், பிலிம் சுருளை மாட்டிக்கொண்டே. "நம்ம ரிடையர்டு போஸ்ட்மாஸ்டர். இந்தப் படத்தைப் பாத்த எட்டாம் நாள் போயிட்டாரு."

"அவருக்கு என்ன வயசு பாய்?" என்றான் நெய்னா.

"எழுபத்தெட்டு. கொஞ்சம் இருதயக் கோளாறு."

"அதானே பாத்தேன். படம் பாக்காம இருந்திருந்தா நூத்தம்பது வரைக்கும் ஓட்டியிருப்பாரு."

"வாயை மூடுடா நெய்னா" என்றார் துரைராசு.

அவர் மடியில் அந்தப் படத்தின் நோட்டீஸ் கிடந்தது. மஞ்சள் காகிதம். 'மடைக்காவல். 1949-ல் திருவாரூர்ப் பக்கம் எடுக்கப்பட்டு, ஒரே ஒரு முறை காட்டப்பட்டுப் பூட்டி வைக்கப்பட்ட படம். எடுத்தவர் தூக்கில் தொங்கினார். நடித்தவர் நீரில் மாண்டார். பார்க்கத் துணிந்தவர்கள் வரலாம்.' இடிந்துபோன சினிமாக் கொட்டகை ஒன்றில், தகரப் பெட்டிக்குள் கிடந்ததாக இதை எடுத்து வந்தவர் சிங்காரவேலு. ஆலங்கொல்லை மிராசுதார் ரெங்கசாமியின் ஒரே மகன், மெட்ராஸில் சினிமாப் படிப்பு படித்துவிட்டு வந்தவர்.

ஏதோ பணக்கார வீட்டுப் பிள்ளை பழைய படத்தைக் காட்டிப் பூச்சாண்டி விளையாடினால் துரைராசுவுக்கு என்ன வந்தது? அம்சம் வந்தாள். அதுதான் வந்தது.

ஆலங்கொல்லையில் மதகை ஒட்டின பதினெட்டு மா நிலத்தை உச்சவரம்புச் சட்டத்தில் உபரி என்று சர்க்கார் மிராசுதாரிடமிருந்து எடுத்துக்கொண்டது. கிட்டத்தட்ட ஆறு ஏக்கர். கூலிக்காரக் குடும்பம் ஆறு பேருக்கு ஆளுக்கு ஒரு ஏக்கராகப் பட்டாவும் கொடுத்தாகிவிட்டது. அதில் மதகோரத்துத் துண்டு அம்சத்துக்கு. அவள் புருஷன் வைரக்கண்ணு மூன்று வருஷத்துக்கு முன்னால், கூலிச் சண்டை நடந்த புரட்டாசியில், போலீஸ் கேசுக்குப் பயந்து பம்பாய்க்கு ஓடிவிட்டான் என்று ஊரே சொன்னது. ஒரு கடுதாசி இல்லை. முப்பது வயதுக்காரி, கூலிக்குப் போய் வயிற்றைக் கழுவிக்கொண்டிருந்தவளுக்கு, கையில் ஒரு பட்டா விழுந்தது.

விழுந்த கையோடு இந்தப் படமும் வந்து சேர்ந்தது. படத்தில் வருகிற வயல் அதே பதினெட்டு மாதானாம், அதில் கால் வைத்தவனை மடைக்காவல் என்கிற அந்த மதகடிப் பேய் இழுத்துக்கொள்ளுமாம். போஸ்ட்மாஸ்டர் செத்தது ஊருக்குள் தெரிந்தது. அவ்வளவுதான், நடவுக்கு ஒரு பெண் வரவில்லை. ஏர் ஓட்ட ஒரு ஆள் வரவில்லை. பட்டா வாங்கின மற்ற ஐந்து பேரும் அந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை. அம்சம் தன் துண்டைத் தானே மண்வெட்டியால் கொத்தி, மிதித்துச் சேறாக்கி வைத்திருந்தாள். ஒற்றை ஆளாக நடவு முடியாது. ஆடி முடிவதற்குள் நாற்று ஊன்றவில்லை என்றால் கர்ணம் அடங்கல் என்கிற சாகுபடிக் கணக்கில் 'தரிசு' என்று எழுதிவிடுவார். தரிசு என்று எழுதினால் பட்டா ரத்து. இன்னும் ஐந்து நாள் பாக்கி. நாற்றங்காலில் நாற்று முற்றிக்கொண்டு நிற்கிறது.

முந்தாநாள் துரைராசுவைத் தேடி வந்தபோது அவள் அழவில்லை. "அது யாருன்னு மட்டும் கண்டுபுடிச்சுக் குடுங்க ஐயா" என்றாள். "பேயா இருந்தா நான் பேசிக்கிறேன். மனுஷனா இருந்தா நீங்க பேசுங்க."

இப்போது அவள் கீழே கடை வாசலில் உட்கார்ந்திருக்கிறாள். கூடவே தங்கம்மாள். ஆலங்கொல்லை நடவுப் பெண்களுக்கு அவள்தான் தலைவி. அவள் சரி என்றால் இருபது பெண்கள் வயலில் இறங்குவார்கள், அவள் மாட்டேன் என்றால் ஒரு குஞ்சும் இறங்காது. பேய் பொய் என்று துரைராசு ஐயா வாயால் சொல்லட்டும், அப்புறம் பார்க்கலாம் என்று இடுப்பில் வேப்பிலை செருகிக்கொண்டு வந்திருந்தாள்.

ப்ரொஜெக்டர் ஓட ஆரம்பித்தது. பேச்சு கிடையாது, பாட்டு கிடையாது. இயந்திரத்தின் கடகடப்பு மட்டும்.

முதலில் வயல். வெறும் வயல். கதிர் வந்த நெல் அசையாமல் நின்றது. ரெண்டு நிமிஷம் அதையேதான் காட்டினார்கள். நெய்னா கொட்டாவி விடப் போன நேரத்தில், சட்டென்று வெள்ளையெல்லாம் கறுப்பாகவும் கறுப்பெல்லாம் வெள்ளையாகவும் மாறியது. வானம் கரி, நெல் எலும்பு நிறம். திரும்பவும் பழையபடி ஆனபோது வரப்பில் ஒரு உருவம் நின்றது. அது எப்போது வந்தது என்று தெரியவில்லை.

முகம் முழுக்கச் சுண்ணாம்பு. கண் இருக்கிற இடம் இரண்டு குழி. கழுத்தில் இரும்புச் சங்கிலி, நாலைந்து சுற்று. அது மெதுவாக, மிக மெதுவாக, இவர்களைப் பார்த்து நடந்து வந்தது. பக்கத்தில் வந்து, கடந்து, வாய்க்காலில் இறங்கியது. முழங்கால், இடுப்பு, கழுத்து. பிறகு தலையும் உள்ளே போய்விட்டது.

அப்புறம் தண்ணீர் மட்டும். படம் வெட்டவில்லை, நகரவில்லை. தண்ணீர் கலங்கியது. ஒரு கை மேலே வந்து, விரித்த விரலோடு கொஞ்ச நேரம் நின்று, போய்விட்டது. குமிழி வந்தது. பிறகு குமிழியும் இல்லை. தண்ணீர் தெளிந்து, அதில் வானம் தெரிகிறவரை காட்டிக்கொண்டே இருந்தார்கள். வால் பிலிம் வெளியே வந்து படபடவென்று அடித்துக்கொண்டது.

நெய்னாவுக்கு வாய் திறந்திருந்தது. ஆனால் பேச்சு வரவில்லை. அவன் வாழ்க்கையில் அது ரெண்டாவது தடவை. முதல் தடவை அவன் நிக்காஹ் அன்றைக்கு.

ஹாஜா மைதீன் ஒரு ஜன்னல் துணியை விலக்கினார். "பாத்தீங்களா? கடைசி நாலு நிமிஷம் ஒரே ஷாட். வெட்டே கிடையாது. நம்ம ஊர்ல இப்படி ஒருத்தன் எடுத்திருக்கான், பாருங்க."

துரைராசு வெற்றிலையை மடித்து வாயில் போட்டுக்கொண்டார். வக்கீல் குமாஸ்தாவாக இருபது வருஷம் இருந்தவர். கோர்ட்டில் எந்தச் சாட்சி எந்த இடத்தில் எச்சில் விழுங்கினான் என்று பார்த்துப் பார்த்துப் பழகிய கண். "பாய், பேய் நம்மகிட்ட வர்ற இடத்தை மட்டும் திருப்பிப் போடுங்க."

"எதுக்குண்ணே? ஒரு தடவை பாத்ததுக்கே எனக்குக் காய்ச்சல் வர்றாப்புல இருக்கு" என்றான் நெய்னா.

"பயமா இருந்தா கண்ணை மூடிக்க. இல்லேன்னா அதோட கையைப் பாரு."

திரும்பவும் வரப்பு. திரும்பவும் அந்தச் சுண்ணாம்பு முகம். பத்தடி தூரம் இருக்கும்போது, அதன் வலது கை இடது தோளுக்குப் போனது. தோளில் கிடந்த துண்டை இழுத்து, கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, கொஞ்சம் முதுகு வளைந்து, ஒதுங்கிக் கடந்துபோனது. கண் மூடித் திறப்பதற்குள் நடந்த காரியம்.

"நிறுத்துங்க பாய்" என்றார் துரைராசு. "நெய்னா, என்ன பண்ணுச்சு?"

"துண்டை எடுத்துக் கக்கத்துல வச்சுக்கிச்சு."

"எதுக்கு?"

"வேர்த்திருக்கும்."

"செத்தவனுக்கு ஏதுடா வேர்வை? நம்ம பக்கத்துல கூலிக்காரன் எப்ப தோள் துண்டை எடுத்துக் கக்கத்துல வைப்பான்?"

நெய்னா யோசிக்கவே தேவையில்லை. அவன் சின்ன வயதிலிருந்து பார்த்ததுதானே. "ஆண்டை எதிர்ல வந்தா."

"அப்ப இந்தப் பேய் எந்த ஆண்டைக்கு மரியாதை காட்டுது? எதிர்ல யாரு இருக்கா?"

கீழே கடையில் பத்துப் பதினைந்து கடிகாரம் ஒன்றுக்கொன்று முந்திக்கொண்டு அடிப்பது கேட்டது.

"கேமராதான் இருக்கு" என்றான் நெய்னா. "கேமராவுக்குப் பின்னாடி நிக்கிறவன்."

"பேயா நடன்னு சொல்லியிருக்கான். காலு நடிச்சுது, மூஞ்சி நடிச்சுது. கைக்கு மட்டும் நடிக்கத் தெரியலை. முப்பது வருஷப் பழக்கம், தன்னால தோளுக்குப் போயிடுச்சு. படம் எடுத்தவன் சினிமாக்காரன் இல்லை நெய்னா. பண்ணை வீட்டு ஆளு."

ஹாஜா மைதீன் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "நாப்பத்தொம்போதுல ஏதோ ஒரு மிராசுதார் வீட்டுல கேமரா இருந்திருக்கலாமே. சீமைக்குப் போய்ட்டு வந்தவங்க இருந்தாங்களே."

"இருந்திருக்கலாம். அதான் எனக்கும் இப்ப வருஷம் வேணும். வருஷம் சொல்லத் தெரிஞ்ச ஆளு கீழ ரெண்டு பேர் உக்காந்திருக்காங்க. கூப்புடுடா."

"பொம்பளைங்க வேணாம் துரை. ஏதாவது ஒண்ணு ஆகிப்போச்சுன்னா…" என்று ஆரம்பித்தார் ஹாஜா மைதீன். அதற்குள் நெய்னா படியில் பாதி இறங்கிவிட்டான்.

அம்சம் வந்து தரையில் உட்கார்ந்தாள். நாற்காலி இருக்கிறது என்று சொன்னதற்கு, தரையே போதும் என்றாள். தங்கம்மாள் கதவோரமே நின்றாள். படம் ஓட ஆரம்பித்ததும் வேப்பிலையை எடுத்து முகத்துக்கு நேராகப் பிடித்துக்கொண்டாள். வயல் வந்தது. அசையாத வயல். வேப்பிலை மெல்லக் கீழே இறங்கியது.

"இது எப்ப எடுத்ததுன்னு சொன்னாங்க தம்பி?"

"நாப்பத்தொம்போதுல" என்றான் நெய்னா.

"எந்த நாப்பத்தொம்போது? இனிமே வரப்போறதா?" தங்கம்மாள் திரைக்குப் பக்கத்தில் போய் நின்றுகொண்டாள். அவள் தலை நிழல் வயலில் விழுந்தது. "நெல்லைப் பாரு. முழங்காலுக்குத்தான் நிக்குது. இலை கத்தி மாதிரி விறைச்சுக்கிட்டு நிக்குது. அந்தக் காலத்துச் சம்பா ஆள் மாருக்கு நிக்கும், கதிர் புடிச்சா பாரம் தாங்காம படுத்துக்கும். எங்கம்மா அதுல எறங்குனா தலைப்பாக்கட்டுதான் தெரியும். இது ஐ.ஆர். எட்டு தம்பி. குட்டை நெல்லு. இது இந்த ஊருக்கு வந்தே ஆறேழு வருசந்தான் ஆவுது. இது வைக்கோலைப் போட்டா மாடு மோந்துகூடப் பாக்காது."

இருபத்திரண்டு பேர் பார்த்த படம். வாத்தியார், வக்கீல், பாத்திரக்கடை முதலாளி, பாங்க் ஆபீசர். எல்லாரும் மூன்று வேளையும் சோறு தின்கிறவர்கள். ஒருத்தருக்கும் நெல்லின் உயரம் தெரியவில்லை. எடுத்தவருக்கும் தெரியவில்லை. அவர் வீட்டு வயல்தான், ஆனால் அவர் அதில் இறங்கினால்தானே.

தங்கம்மாளுக்குச் சிரிப்பு அடங்கவில்லை. "இந்தக் குட்டை நெல்லுக்குப் பயந்தா இருபது பொம்பளைங்க வீட்ல கெடக்கோம்? அடியே அம்சம், பன்னண்டு மணி பஸ்ஸுக்கு நான் போறேன். போய் நாத்தைப் பறிக்கச் சொல்றேன். நாலு மணிக்கெல்லாம் உன் வயல்ல ஆளு நிக்கும். இதுக்குமேல இதுல பாக்க என்னா இருக்கு?"

அவள் படியிறங்கிப் போகிற சத்தம் கேட்டது. கீழே யாரிடமோ சிரித்துப் பேசிக்கொண்டே போனாள். நெய்னாவுக்கும் சந்தோஷம் தாங்கவில்லை. "கேஸ் முடிஞ்சுதுண்ணே. பாய், டீ சொல்லுங்க" என்று திரும்பியவன், துரைராசு முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்திக்கொண்டான். துரைராசு திரையைப் பார்க்கவில்லை. அம்சத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

படம் ஓடிக்கொண்டே இருந்தது. உருவம் வரப்பில் நடந்து வந்துகொண்டிருந்தது. அம்சம் உட்கார்ந்த இடத்திலிருந்து எழுந்து, மண்டி போட்டு நின்றாள். துண்டு கக்கத்துக்குப் போனது. உருவம் ஒதுங்கிக் கடந்தது. முழங்கால், இடுப்பு, கழுத்து. கை மேலே வந்தபோது அம்சத்தின் கையும் கொஞ்சம் மேலே போயிற்று. பிறகு தண்ணீர் தெளிகிறவரை அவள் அசையவில்லை.

"இன்னொரு தடவை போடுங்க ஐயா."

ஹாஜா மைதீன் போட்டார். இரண்டாவது தடவையும் முடிந்தது. நெய்னா தண்ணீர்ச் செம்பை எடுத்துக்கொண்டு போய் அவள் பக்கத்தில் வைத்தான். அவள் தொடவில்லை.

"இது எங்க வீட்டு ஆளு" என்றாள்.

"மூஞ்சியே தெரியலையேம்மா" என்றார் துரைராசு, ரொம்ப மெதுவாக.

"சுண்ணாம்பை மூஞ்சிக்குத்தானே ஐயா பூசியிருக்கு. நடைக்குப் பூச முடியுமா? இடது தோளு கொஞ்சம் எறங்கி இருக்கும் பாருங்க, மூட்டை தூக்கித் தூக்கி. பதினோரு வருசம் அந்த முதுகுக்குப் பின்னாடிதான் நடந்தேன்." அவள் குரல் ஒரே சீராக இருந்தது. "மூணு வருசமா பம்பாய் பம்பாய்ன்னு மேக்கால பாத்துக்கிட்டு இருந்தேன். யாரோ ஒருத்திகூட இருக்காருன்னாங்க. இருந்தா இருக்கட்டும், நல்லா இருந்தாச் சரின்னு நெனைச்சுக்குவேன்." அப்புறம்தான் கேட்க வேண்டியதைக் கேட்டாள். "தண்ணிக்குள்ளேருந்து வெளியில வரலையே ஐயா. வர்றதைக் காட்டலையே."

நெய்னாவுக்கு, கொஞ்சம் முன்னால் டீ கேட்ட வாயை அறுத்துப் போடலாம் போலிருந்தது.

துரைராசுதான் பேசினார். "அம்சம், எனக்கு ஒண்ணு சொல்லு. படத்துல இருக்கற அந்த வயலுக்கும், இப்ப இருக்கற வயலுக்கும் என்னா வித்தியாசம்? எது மாறியிருக்கு?"

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு யோசித்தாள். வயலைப் பற்றிக் கேட்டால் யோசிக்க முடிந்தது. "வரப்பு. மதகோரத்து வரப்பு. படத்துல ஒத்தை ஆளு நடக்கற மாதிரி ஒல்லியா, நேரா இருக்கு. இப்ப அந்த இடத்துல பெருத்துப் போயி, புல்லு மண்டிக் கெடக்கு. வருசா வருசம் எல்லா வரப்பையும் செதுக்கி அண்டை வெட்டுவோம். அந்த ஒரு வரப்புல மட்டும் மம்பட்டி படக்கூடாது, நல்லபாம்புப் புத்து இருக்குன்னு பெரியய்யா சொல்லிட்டாரு. மூணு வருசமா அதுல யாரும்…" சொல்லிக்கொண்டே வந்தவள் நின்றுவிட்டாள்.

துரைராசு எழுந்து வெற்றிலையை ஜன்னல் வழியாகத் துப்பினார். "பாய், மிராசுதார் வீட்டுல போன் இருக்குல்ல? சின்னவரைக் கூப்பிடுங்க. ஒரு பெரிய ரசிகர் வந்திருக்காரு, படத்தைப் பாத்துட்டு ஆடிப்போயிட்டாரு, படம் எடுத்த வயல்லயே நின்னு அதைப் பத்திப் பேசணுங்கறாருன்னு சொல்லுங்க. மூணரை மணிக்கு."

"வருவாரா?"

"பாராட்டுக்கு வராத கலைஞன் இன்னும் பொறக்கலை. அவர் வீட்டை விட்டுக் கிளம்பினதுக்கப்புறம் போலீஸ் ஸ்டேஷனுக்கு இன்னொரு போன் போடுங்க."

மூன்றரை மணிக்கு ஆலங்கொல்லை பதினெட்டு மாவில் காற்றே இல்லை. மேட்டூர்த் தண்ணீர் வாய்க்கால் நிறைய ஓடியது, மதகுக்குப் பக்கத்தில் மட்டும் சுழன்று சுழன்று நின்றது. சுற்று வட்டாரமெல்லாம் பச்சை, இந்த ஒரு வயல் மட்டும் வெறும் சேறும் தண்ணீருமாகப் படுத்துக் கிடந்தது. பேய் இல்லை என்று இப்போது நெய்னாவுக்கு நிச்சயமாகத் தெரியும். ஆனாலும் பயம் குறையவில்லை, ஒரு சுற்று கூடத்தான் செய்தது.

சிங்காரவேலு காரை ரோட்டில் விட்டுவிட்டு வரப்பு மேல் நடந்து வந்தார். முப்பது வயது இருக்கும். வெள்ளைப் பேண்ட், பளபளவென்று கறுப்பு ஷூ, நல்ல களையான முகம். சேறு படாமல் ஒவ்வொரு அடியாகப் பார்த்துப் பார்த்து வைத்தார். மதகுக்கு இருபதடி முன்னால், வரப்பு பெருத்துப் புல் மண்டின இடம் வந்தது. அங்கே வந்ததும், காய்ந்து கிடந்த வரப்பை விட்டுவிட்டு, அத்தனை பளபளப்பான ஷூவோடு சேற்றில் இறங்கி, நாலு எட்டு சுற்றி வந்து, மறுபடி வரப்பில் ஏறினார்.

நெய்னா துரைராசுவின் சட்டையைப் பிடித்து இழுத்தான். "அண்ணே, ஷூ."

"பாத்துட்டேன்."

சிங்காரவேலு வந்து கை குலுக்கினார். மதகடியில் குந்தியிருந்த அம்சத்தை அவர் கவனிக்கவில்லை. வயலோரம் ஒரு கூலிக்காரி உட்கார்ந்திருப்பதை அந்த வீட்டில் யார் கவனித்தார்கள்? "படம் உங்களுக்குப் பிடிச்சிருந்ததாச் சொன்னாங்க."

"முதல் பாதி பிரமாதம் தம்பி. வெள்ளை கறுப்பா மாறுற இடம், அடடா. நாப்பத்தொம்போதுல அந்த மூளை யாருக்கு இருந்துச்சோ." துரைராசு உதட்டைப் பிதுக்கினார். "கடைசிதான் சொதப்பல்."

"கடைசியா?"

"அந்த நாலு நிமிஷம். ஒண்ணுமே இல்லாம தண்ணியைக் காட்டுறாங்களே. அதுல கலை என்னா இருக்கு? எடுத்தவன் கேமராவை அணைக்க மறந்துட்டு டீ குடிக்கப் போயிருக்கான்."

சிங்காரவேலுவின் முகம் சிவந்தது. "உங்களுக்குப் புரியலை. முழுப் படமும் அந்த நாலு நிமிஷத்துலதான் இருக்கு."

"மறதியைப் போயி கலைங்கறீங்களே தம்பி. அவனுக்கு எங்க நிறுத்தறதுன்னு தெரியலை, அவ்வளவுதான்."

"மறதி இல்லை. கையை சுவிட்சுலதான் வச்சிருந்தேன். நிறுத்தக் கூடாதுன்னுதான் நான்…"

அவர் சொன்னது அவர் காதிலேயே விழுந்து, முகத்திலிருந்து ரத்தம் இறங்குவதை நெய்னா பார்த்தான்.

"நல்ல ஷாட்டு, தூக்கிப் போட மனசு வரலை" என்றார் துரைராசு. "தெரிஞ்ச ஆளுன்னு யாராவது அடையாளம் சொல்லிட்டா? அதுக்குத்தான் நாப்பத்தொம்போதுல எடுத்ததுன்னு படத்தை இருபது வருஷம் பின்னாடி தள்ளி விட்டீங்க. ஊர்க்காரன் யாரும் பாக்காம இருக்க ஒரு சாபம். அதே சாபம் இந்த வயல்ல மம்பட்டி விழாமயும் பாத்துக்கிட்டது. அதானே?"

அம்சம் எழுந்து வந்து சிங்காரவேலுவுக்கு எதிரே நின்றாள். அப்போதுதான் அவர் அவளைப் பார்த்தார். யாரென்று தெரிந்துகொள்ள அவருக்குக் கொஞ்ச நேரம் ஆயிற்று.

"சின்னய்யா, அவரு உள்ள போனப்போ நீங்க எங்க நின்னீங்க?"

"இருபது எண்ணிட்டு வெளிய வான்னுதான் சொன்னேன். சங்கிலி சேத்துல மாட்டும்னு எனக்குத் தெரியாது. சத்தியமாத் தெரியாது. கை வந்தப்ப, நல்லா நடிக்கிறான்னு…"

"எங்க நின்னீங்கன்னு கேட்டேன்."

"இங்கதான். மதகு மேல."

"அப்புறம்?"

"அப்புறம் தெரிஞ்சுது."

"தெரிஞ்சதும் எறங்கினீங்களா?"

அவர் தலையைக் குனிந்துகொண்டார். ஷூவிலிருந்து சேறு வழிந்தது. "ரீல் இன்னும் கொஞ்சம் இருந்துச்சு" என்றார். அப்புறம் அப்பா வந்தது, பண்ணையாள் இரண்டு பேரை விட்டு வரப்பை வெட்டி உள்ளே வைத்து மூடச் சொன்னது எல்லாம் கேட்காமலேயே வந்து விழுந்தது. துரைராசு எதையும் நிறுத்தவில்லை. நெய்னா வாய்க்காலைப் பார்த்துத் திரும்பிக்கொண்டான். சின்னவருடைய குரலைக் கேட்கலாம், அம்சத்தின் முகத்தைப் பார்க்க அவனால் முடியாது.

போலீஸ் இன்னும் வந்து சேரவில்லை, அதற்குள் ரோட்டுப் பக்கம் குலவைச் சத்தம் கேட்டது.

இருபது பெண்கள். முந்தானையை இழுத்துச் செருகி, தலையில் நாற்று முடியோடு வரிசையாக வந்தார்கள். முன்னால் தங்கம்மாள். வேப்பிலையைக் காணோம். பயந்து கிடந்த பத்து நாளுக்கும் சேர்த்துச் சிரித்துக்கொண்டு வந்தார்கள். பட்டா வாங்கிவிட்டு ஒளிந்திருந்த ஐந்து பேரும் மண்வெட்டியோடு பின்னால் வந்தார்கள்.

"ஏ அம்சம், ஒரு ஏக்கர் என்னா, பொழுது சாயறதுக்குள்ள முடிச்சுட்டுத்தான் மறுவேலை" என்று கத்திக்கொண்டே தங்கம்மாள் சேற்றில் ஒரு காலை வைத்தாள்.

அம்சம் புல் மண்டின வரப்புக்கு முன்னால் போய், இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நின்றாள்.

"எறங்காத அக்கா."

"இன்னும் என்னாடி? அதான் பேயும் இல்லை பிசாசும் இல்லைன்னு ஆயிடுச்சே."

"அவரு இங்க இருக்காரு அக்கா" என்றாள் அம்சம். "அவரை எடுத்துட்டு நடுவோம்."

தங்கம்மாள் வரப்பைப் பார்த்தாள், சின்னவரைப் பார்த்தாள். வைத்த காலை எடுத்துக்கொண்டாள். பின்னால் வந்த பெண்கள் ஒவ்வொருவராகத் தலையிலிருந்து நாற்று முடியை இறக்கிக் கரையில் வைத்தார்கள்.